கொடுமுடி கோகிலம் கே. பி. சுந்தராம்பாள்

ஆண்டுவிழா நெருங்கும் போதெல்லாம் நமது பள்ளியில் ஒரு காட்சி தவறாது நிகழும். ஏழெட்டு வயதுச் சிறுமி ஒருத்திக்கு வெள்ளைச் சேலை உடுத்தி, தலைமயிருக்கு மாப்பூசி, நெற்றி நிறையத் திருநீறிட்டு, கையிலே ஒரு கோலைக் கொடுத்துவிடுவோம். அவளும் முதுகை வளைத்துத் தள்ளாடி வந்து, ஆத்திசூடி சொல்லிச் செல்வாள். "ஔவையார் இப்படித்தான் இருந்தார் என்று உனக்கு யார் சொன்னது?" என்று ஒருமுறை ஒரு பிள்ளையிடம் கேட்டேன். "அம்மா" என்றாள். அம்மாவைக் கேட்டேன். சற்று யோசித்துவிட்டு, "படத்திலே பார்த்ததுதான்" என்றார்.

அந்தப் பதில் உண்மையானது. தமிழிலே ஔவையார் என்ற பெயருடன் ஒருவருக்கு மேற்பட்ட புலவர்கள் வாழ்ந்திருக்கின்றனர். அதியமான் நெடுமான் அஞ்சியின் நண்பராக விளங்கி, அவன் பொருட்டுத் தொண்டைமானிடம் தூது சென்ற சங்ககால ஔவை ஒருவர். நம் பிள்ளைகள் மனனம் செய்யும் ஆத்திசூடியையும் கொன்றைவேந்தனையும் இயற்றிய ஔவை, அவருக்குப் பல நூற்றாண்டுகள் பிற்பட்டவர். இவர்களில் எவருக்கும் அவர் காலத்து உருவப்படம் இல்லை. சங்கப் பாடல்களிலே நாம் காணும் ஔவை கோலூன்றிய மூதாட்டியாகத் தோன்றுவதுமில்லை. மூதாட்டி ஔவையை நாட்டார் கதைகள் முன்னரே படைத்திருந்தன. ஆனால் அந்த மூதாட்டிக்கு முகமும் நடையும் குரலும் தந்து, தமிழர் மனத்தில் நிலைநிறுத்தியவர் ஒரு நாடக நடிகை. அவரே கொடுமுடி கோகிலம் என்று போற்றப்பட்ட கே. பி. சுந்தராம்பாள் ஆவார்.

காவிரிக் கரையிலே, இன்றைய ஈரோடு மாவட்டத்தில் அமைந்துள்ள கொடுமுடி என்னும் சிவத்தலத்தில் 1908 ஆம் ஆண்டு இவர் பிறந்தார். பெயரின் முன்னெழுத்துகளில் 'கே' என்பது ஊரைக் குறிக்கும். 'பி' என்பது தாயார் பாலாம்பாளைக் குறிக்கும். தந்தையின் பெயருக்குரிய இடத்தில் தாயின் பெயரைத் தாங்கி நின்றதிலிருந்தே அக்குடும்பத்தின் பாரத்தைச் சுமந்தவர் யாரென்பது விளங்கும். வறுமை மிகுந்த வீடு. சிறுமி சுந்தராம்பாள் புகையிரதங்களிலே பாடிச் சில்லறைக் காசு பெற்றார். ஸ்ட்ராத்ஃபீல்ட் புகையிரத நிலையச் சுரங்கப்பாதையில் எவரேனும் வாத்தியம் வாசித்துக்கொண்டு நின்றால், அவர் முன்னுள்ள தொப்பியில் நாணயம் ஒன்றைப் போட்டுவிட்டு நடக்கிறோம் அல்லவா? அத்தகையதொரு பாட்டுத்தான் அதுவும். கேட்டவர்கள் அக்குரலின் வலிமையை உணர்ந்தனர். அதன் பயனாகச் சிறுமி வேலு நாயரின் நாடகக் கம்பெனியிலே சேர்க்கப்பட்டார். முதலில் கிடைத்தவை சிறுவர் வேடங்கள். பின்னரே கதாநாயகி வேடங்கள் வந்தன.

அக்கால நாடகம் எத்தகையது என்பதைச் சொல்லாமல் இவர் பெருமையைச் சொல்ல முடியாது. சங்கரதாஸ் சுவாமிகள் போன்றோர் எழுதிய வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் முதலிய நாடகங்கள் இரவு தொடங்கி விடியும்வரை நடைபெறும். 'ஸ்பெஷல் நாடகம்' என்றொரு வகை இருந்தது. வெவ்வேறு ஊர்களிலிருந்து தனித்தனியே அழைக்கப்பட்ட நடிகர்கள் ஒத்திகை எதுவுமின்றி நேரே மேடையிலே சந்திப்பர். வள்ளி தினைப்புனம் காக்கிறாள், வேடனாக முருகன் வருகிறான் என்பது கதை. அதற்குமேல் இருவரும் எவ்வளவு நேரம் வாதாடுவது, எந்த இராகத்தில் மடக்குவது என்பதெல்லாம் அவரவர் திறமை. பாட்டுக்கு எதிர்ப்பாட்டு வராவிட்டால் சபையோர் மன்னிக்கமாட்டார்கள்.

இவை யாவும் ஒலிபெருக்கி இல்லாமல் நடந்தன என்பதை மாணவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். கொட்டகையின் கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகக் கேட்க வேண்டும். ஆதலால் நடிகர்கள் மிக உயர்ந்த சுருதியிலே பாடினர். சுருதியைக் 'கட்டை' என்ற அளவால் குறிப்பது வழக்கம். ஆர்மோனியப் பெட்டியின் வெள்ளைக் கட்டைகளை எண்ணிச் சொல்லும் கணக்கு அது. இன்றைய ஆண் பாடகர்கள் பெரும்பாலும் ஒன்று, ஒன்றரைக் கட்டையிலும், பாடகியர் ஐந்து, ஐந்தரைக் கட்டையிலும் பாடுவர். அக்கால மேடையிலோ ஆண்களே பாடகியரின் சுருதியை எட்டிப் பிடித்துப் பாடினர். அவர்களுள் தலையாயவர் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பா. அவருடைய குரலுக்கு முன்னே நின்று பாடக்கூடிய பெண் இல்லை என்றே பலரும் எண்ணியிருந்தனர்.

அந்த எண்ணம் கலைந்த இடம் நமக்கு அயலூரன்று. 1926 ஆம் ஆண்டளவில் சுந்தராம்பாள் கொழும்பிலே நடித்துக்கொண்டிருந்தார். கிட்டப்பாவும் அங்கே வந்து சேர்ந்தார். அந்தப் பெண்ணின் குரலுக்கு ஈடுகொடுக்க முடியாது, அவளோடு சேர்ந்து நடிக்க வேண்டாம் என்று சிலர் கிட்டப்பாவை எச்சரித்தனராம். அவரோ அதைக் கேட்டதனாலேயே நடிக்க முன்வந்தார் என்பர். இலங்கை இரசிகர்கள் கண்ட அந்தப் போட்டி காதலாக முடிந்தது. 1927 இல் திருமணம் நிகழ்ந்தது. இந்தியாவிலிருந்து இவ்வாறு வந்த கம்பெனிகள் விதைத்துச் சென்றதுதான் பின்னர் யாழ்ப்பாணத்திலும் இசை நாடக மரபாகத் தழைத்தது. நடிகமணி வி. வி. வைரமுத்துவின் அரிச்சந்திர மயானகாண்டத்தை விடிய விடியப் பார்த்த பெற்றோரும் பேரன்மாரும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களுக்கு இந்த நாடகங்களைப் பற்றி விளக்க வேண்டியதில்லை.

திருமண வாழ்வைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்லலாம். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே மனைவி இருந்தார். பிறந்த குழந்தை தங்கவில்லை. இருவரும் மேடையிலே சேர்ந்திருந்த காலம் புகழாகவும், மேடைக்கு வெளியே பிரிந்திருந்த காலம் வேதனையாகவும் கழிந்தன. சுந்தராம்பாள் கணவருக்கு எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சேறின. அவற்றில் மேடை அரசியின் மிடுக்கைக் காண முடியாது. பதில் வராத கடிதத்துக்கு மீண்டும் கடிதம் எழுதும் ஒரு மனைவியையே காண்கிறோம். 1933 டிசெம்பர் 2 ஆம் நாள் கிட்டப்பா மறைந்தார். அவருக்கு இருபத்தெட்டு வயதுகூட நிறையவில்லை. சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து.

அன்று அவர் வெள்ளைச் சேலை உடுத்தார். இறுதிவரை மாற்றவில்லை. இனி எந்த ஆடவனுடனும் இணைந்து நடிப்பதில்லை என்றும் உறுதி பூண்டார். மேடைக்குப் போகாமலே சிலகாலம் ஊரில் ஒதுங்கியிருந்தார்.

இங்கே பெற்றோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். நாடகத்தில் நடித்த பெண்ணை 'கூத்தாடி' என்று இகழ்ந்த காலம் அது. அவள் பாட்டைக் கேட்க ஊரே திரளும். ஆனால் தம் மகளை அவளருகில் அமர்த்த யாரும் இசையார். காதல் தலைவியாக நடித்தே பிழைக்க வேண்டிய ஒரு பெண், இருபத்தைந்து வயதில் அந்த வேடத்தையே வேண்டாம் என்று துறந்தால், அவளது தொழில் முடிந்தது என்பதே பொருள். சுந்தராம்பாள் தம் விரதத்தையும் விடவில்லை, தொழிலையும் இழக்கவில்லை. இது எவ்வாறு இயன்றது என்பதே அவருடைய வாழ்க்கையில் எனக்கு மிகவும் வியப்பூட்டும் பகுதி.

முதலில் அவரை வெளியே அழைத்து வந்தது அரசியல். தீரர் சத்தியமூர்த்தி முதலியோரின் தூண்டுதலால் காங்கிரஸ் மேடைகளிலே தேசபக்திப் பாடல்களைப் பாடினார். இசைத்தட்டுகள் வீதிதோறும் ஒலித்தன. காந்தியடிகள் கொடுமுடிக்கு வந்து இவர் வீட்டில் உணவு உண்டபோது, பரிமாறிய தங்கத் தட்டையும் கேட்டு வாங்கிப் பொதுநிதிக்காக ஏலம் விட்டார் என்பது பலரும் சொல்லும் செய்தி.

அடுத்து வந்தது திரைப்படம். நந்தனார் கதையைப் படமாக்க விரும்பிய அசந்தாஸ் என்ற தயாரிப்பாளர் விடாது வற்புறுத்தினார். எப்படியாவது அவரைத் தட்டிக்கழிக்க வேண்டுமென்று எண்ணிய சுந்தராம்பாள், ஓர் இலட்சம் ரூபாய் கேட்டார். அக்காலத்தில் அத்தொகைக்குக் குறைவாகவே பல படங்கள் முழுமையாக எடுக்கப்பட்டன. தயாரிப்பாளரோ சம்மதித்துவிட்டார்! சொன்ன சொல்லை மீற முடியாமல் அவர் நடித்தார். ஆனால் தம் விரதத்தை மீறாமல் நடித்தார். ஆடவனோடு இணைந்து நடிப்பதில்லை என்றவர், நந்தனார் என்ற ஆடவனாகவே வேடம் பூண்டார். வேதியராக நடித்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். 1935 இல் வெளிவந்த அந்தப் படம் எதிர்பார்த்த வெற்றியைப் பெறவில்லை. அதில் நன்றாக நடித்தவை பனைமரமும் எருமையும் ஆடுமே என்ற பொருள்படக் கல்கி கேலி செய்தார். கேலி சற்றுக் கடுமையானது என்றே தோன்றுகிறது. பின்னணிப் பாடல் முறை நிலைபெறாத காலம் அது. பாடுபவர் படப்பிடிப்பின்போதே பாடவேண்டும். கடைசி வரிசைக்குக் கேட்கப் பாடிப் பழகிய ஒருவருக்கு, நான்கு முழத் தொலைவில் ஒலிவாங்கியும் ஒளிப்படக் கருவியும் நிற்பது புதிய உலகமன்றோ?

1940 இல் மணிமேகலை வெளிவந்தது. காதலை மறுத்துத் துறவு பூண்ட பெண்ணின் கதை அது. இவர் விரதத்துக்குப் பொருந்திய கதையாக அமைந்தது தற்செயலாகாது. 1951 இல் காங்கிரஸ் சார்பில் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினரானார். இந்தியத் திரையுலகிலிருந்து சட்டமன்றத்துக்குள் முதன்முதல் நுழைந்தவர் என்று இவரையே குறிப்பிடுவர்.

1953 ஆம் ஆண்டில் ஜெமினி நிறுவனத்தின் எஸ். எஸ். வாசன் தயாரிப்பில், கொத்தமங்கலம் சுப்பு இயக்கத்தில் 'ஔவையார்' வெளிவந்தது. யானைக் கூட்டம் கோட்டையைத் தகர்க்கும் காட்சியைப் பற்றி அக்காலத்தவர் இன்றும் பேசுவர். எங்கள் அம்மம்மா தலைமுழுகிவிட்டு, கோயிலுக்குச் செல்வது போலவே அந்தப் படத்துக்குச் சென்றதாகச் சொல்லுவார். ஔவையின் கதை உங்களுக்குத் தெரிந்ததே. மணம் பேசி முடித்த இளம்பெண், தனக்கு இல்வாழ்வு வேண்டாம், இந்த இளமையை எடுத்துக்கொண்டு முதுமையைத் தா என்று பிள்ளையாரிடம் வேண்டுகிறாள். அவர் அருளால் அக்கணமே மூதாட்டியாகிறாள். முதுமை வந்ததும் அவளை எவரும் தடுக்கவில்லை. தனியே ஊர் ஊராய் நடக்கிறாள். அரசனையும் அதட்டுகிறாள், குழந்தைக்கும் பாடம் சொல்கிறாள். இருபத்தைந்து வயதில் வெள்ளையுடுத்த ஒருவர், நாற்பத்தைந்தாவது வயதை நெருங்கும் வேளையில் இந்தக் கதையை நடித்தார். வெள்ளைச் சேலையும் திருநீறும் அவருக்கு ஒப்பனை அறையில் தந்த பொருள்கள் அல்ல. வீட்டிலும் அவர் அப்படியே இருந்தார்.

பின்வந்த படங்களில் அவர் ஏற்றவையும் இத்தகைய வேடங்களே. 1964 இல் வந்த 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகளாக நடித்தார். கதை வசனம் மு. கருணாநிதி. கடவுள் எங்கே போனார் என்று கேட்கும் பொருளில் அமைந்த ஒரு பாடலடியைத் தாம் பாடமாட்டேன் என்று சுந்தராம்பாள் மறுத்தார் என்றும், அதன்பின் அந்த அடி மாற்றப்பட்டது என்றும் சொல்வர். எழுதியவர் பகுத்தறிவுக் கொள்கையினர், பாடியவர் முருக பக்தர். இருவரும் ஒருவரையொருவர் மதித்து ஒரு சொல்லை மாற்றிக்கொண்டது நல்ல செய்தி. 1965 இல் ஏ. பி. நாகராஜனின் 'திருவிளையாடல்' வெளிவந்தது. மாம்பழம் கிடைக்காமல் கோபித்து மலையேறிய பாலமுருகனைத் தேற்ற வரும் ஔவையாக அதிலே தோன்றினார். நம் பிள்ளைகள் கண்டறிந்த ஔவை பெரும்பாலும் இந்த ஔவைதான். 1967 இல் 'கந்தன் கருணை', 1973 இல் 'காரைக்கால் அம்மையார்' ஆகியவற்றிலும் நடித்தார். 1969 ஆம் ஆண்டின் 'துணைவன்' படத்தில் பாடியமைக்காக இந்தியாவின் தேசிய விருது கிடைத்தது. 1970 இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். பிறந்த ஊரான கொடுமுடியில் ஒரு திரையரங்கும் கட்டினார். 1980 இல் காலமானார்.

மாணவச் செல்வங்களே, 'திருவிளையாடல்' படத்தை வீட்டிலே போட்டு, அந்த மலைக்காட்சி வரும்போது கண்ணை மூடிக்கொண்டு ஒருமுறை கேளுங்கள். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தாறு அல்லது ஐம்பத்தேழு. சொற்கள் எவ்வாறு வெட்டிவைத்தாற் போல் விழுகின்றன என்பதைக் கவனியுங்கள். ழகரமும் ளகரமும் லகரமும் ஒன்றோடொன்று கலக்கவில்லை. மேல்நோக்கிப் போகும் இடத்திலே குரல் மெலியவில்லை. எதிரே ஒலிவாங்கி இருக்கிறது என்பதை அவர் அப்போதும் முழுதாக நம்பவில்லையோ என்று தோன்றும்.

இவ்வாண்டு விழாவுக்கும் ஓர் ஔவை தெரிவாகியிருக்கிறாள். மூன்றாம் வகுப்பு மாணவி. ஒரு கையில் கோலையும் மறுகையில் ஒலிவாங்கியையும் பிடித்தால், சபையைக் கும்பிடுவது எப்படி என்று ஒத்திகையில் கேட்டாள். ஒலிவாங்கியைக் கீழே வைத்துவிட்டுச் சொல்லிப் பார்க்கச் சொன்னோம். முதல்நாள் முன்வரிசைக்கே கேட்கவில்லை. சென்ற வாரம் மண்டபத்தின் பின்கதவருகே நின்றிருந்த அவளுடைய அப்பா, கேட்கிறது என்று கையை உயர்த்திக் காட்டினார்.