குரூசி விளக்கு

ஸ்காத்லாந்தின் வடகோடியிலுள்ள செத்லாந்துத் தீவுகளில், திசம்பர்த் திங்களின் பிற்பகுதியில் பகற்பொழுது ஆறு மணி நேரத்திற்கும் குறைவாகும். எஞ்சிய பொழுதெல்லாம் இருளே. வலையைச் செப்பனிடுதலும் கம்பளி நூல் நூற்றலும் அவ்விருளிலும் நடைபெற்றாக வேண்டும். இன்றேல் வயிற்றுக்கு உணவில்லை. மெழுகுவத்தி வாங்கும் வன்மை ஏழைக் குடிகளுக்கு ஏது? அடுப்புத் தீயின் ஒளி நுண்ணிய தொழிலுக்குப் போதாது. அந்நிலையில் அவர்தம் குடிலில் ஒளி தந்தது ‘குரூசி’ என்னும் இரும்பு விளக்காகும்.

குரூசி என்பது பழைய பிரெஞ்சுச் சொல்லொன்றன் திரிபு என்பர் சொல்லாய்வோர். செத்லாந்து மக்களோ அதனைக் ‘கோலி’ என வழங்கினர். அது நார்வே நாட்டுக் குடியேறியவரோடு வந்த சொல். ஒரு பொருளின் பெயரைக் கொண்டே அங்கு யார் யார் வாழ்ந்தனர் என்பதை ஒருவாறு அறியலாம்.

இவ்விளக்கில் இலை வடிவான தகழிகள் இரண்டு, ஒன்றன்கீழ் ஒன்றாக அமைந்திருக்கும். இரண்டிற்கும் முன்புறம் கூரிய மூக்கு உண்டு. மேல் தகழியில் எண்ணெயும் திரியும் இடப்படும். கீழ்த் தகழி எதற்கு? திரியானது எண்ணெயைத் தானே உறிஞ்சி மூக்கின் நுனிக்குக் கொணரும். எரிந்தது போக மிஞ்சியது வெளியே சொட்டும். அத்துளிகளைக் கீழ்த் தகழி ஏந்திக்கொள்ளும். அவற்றை மீண்டும் மேலே ஊற்றி எரிப்பர். ஒரு துளியையும் இழக்க மாட்டாதவர் கண்ட வழி இது. மேல் தகழியைத் தாங்கும் தண்டில் பற்பல வெட்டுகள் இருக்கும். எண்ணெய் குறையக் குறையத் தகழியை ஒவ்வொரு வெட்டாக மாற்றி மாட்டினால், அது முன்னோக்கிச் சாய்ந்து எண்ணெய் திரியை எட்டும்.

ஊர்க் கொல்லன், கல்லிற் குடைந்த பள்ளத்தில் இரும்புத் தகட்டை வைத்து அடித்து இத்தகழிகளைச் செய்தான். நீர்நிலைக் கோரையின் தோலை உரித்து, உள்ளிருக்கும் வெண்ணிறச் சோற்றைத் திரியாக்கினர். கடற்கரையில் மீன் ஈரலை உருக்கி எண்ணெய் எடுத்தனர். செயிண்ட் கில்டாத் தீவினர் ‘புல்மார்’ என்னும் கடற்பறவையின் நெய்யை எரித்தனர். புகையும் நாற்றமும் மிகுதியே. எனினும் அவ்வொளியிலேயே குடும்பம் முழுதும் கூடியிருந்து தொழில் செய்தது.

1850-இல் ஜேம்ஸ் யங் என்பார், நிலக்கரியினின்று எண்ணெயும் மெழுகும் வடிக்கும் முறைக்குத் தனியுரிமை பெற்றார். மண்ணெண்ணெய் பெருகிற்று. திறந்த தகழியில் அதனை எரித்தல் தீங்கு பயப்பது. மூடிய கலமும் கண்ணாடிக் கூண்டும் அதற்கு வேண்டும். ஆதலின் புதிய எண்ணெய் பழைய விளக்கிற்குப் பயன்படாமற் போயிற்று. ஒளி வளர்ந்தது, கோரை உரிக்கும் தொழிலும் கொல்லனின் கல்லச்சும் ஓய்ந்தன. 1931 முதல் 1976 வரை பத்துத் தொகுதிகளாக வெளிவந்த ஸ்காத்து மொழிப் பேரகராதியில் குரூசி என்னும் சொல் இடம்பெற்றுள்ளது. விளக்குகளோ அருங்காட்சியகங்களில் எண்ணெயின்றித் தொங்குகின்றன.