மாட்டுக் கொட்டகையை வீட்டிலிருந்தே கவனிக்கலாம்

சினை முற்றிய கறவை மாட்டை இரவிலும் அடிக்கடி கவனிக்க வேண்டும். பனிக்குடம் உடைந்து இரண்டு மணி நேரத்தில் கன்று வெளிவராவிட்டால் கால்நடை மருத்துவரை அழைத்தாக வேண்டும். அந்த நேரத்தைத் தவறவிட்டால் கன்றையும் தாயையும் இழக்க நேரிடலாம். கொட்டகையில் இணையக் கேமரா பொருத்தினால், வீட்டிலிருந்தபடியே கைபேசியில் மாட்டைக் கவனிக்கலாம்.

பொருத்தும் முறை

மாட்டின் பின்புறம் நன்கு தெரியும்படி, மாட்டுக்கு எட்டாத உயரத்தில் கேமராவைப் பொருத்த வேண்டும். இருட்டிலும் படம் காட்ட அகச்சிவப்பு விளக்கு உள்ள கேமராவே ஏற்றது. வீட்டு ரௌட்டரிலிருந்து கேபிள் இழுப்பதானால் நீளம் 100 மீட்டரைத் தாண்டக்கூடாது. வைஃபையாக இருந்தால் சுவரும் தகரக் கூரையும் அலையின் வலுவைக் குறைக்கும்.

பார்க்கும் முறை

ரௌட்டர் கேமராவுக்கு 192.168.1.20 என்பது போன்ற ஓர் எண் முகவரி தரும். கைபேசியும் அதே ரௌட்டரில் இணைந்திருக்க வேண்டும். கேமராவுக்குரிய செயலியிலோ, கேமரா ஆர்.டி.எஸ்.பி. முறையை ஏற்பதானால் வி.எல்.சி. என்ற இலவச மென்பொருளிலோ நேரடிப் படத்தைக் காணலாம். வி.எல்.சி.யில் ஆர்.டி.எஸ்.பி. முகவரியை முழுமையாகத் தட்டச்சு செய்ய வேண்டும். இதற்கான போர்ட் எண் பெரும்பாலும் 554. முகவரியின் கடைசிப் பகுதி கம்பெனிக்குக் கம்பெனி மாறுவதால் கையேட்டைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மின்சாரம் நின்று வந்தபின் படம் தெரியாவிட்டால், எண் முகவரி மாறியிருக்கக்கூடும். ரௌட்டரில் அந்த எண்ணைக் கேமராவுக்கென நிலையாக ஒதுக்கிவிட்டால் இத்தொல்லை இராது.

டேட்டா செலவு

வீட்டு ரௌட்டருக்குள் பார்க்கும்போது இணைய டேட்டா செலவாவதில்லை. வெளியூரிலிருந்து செயலி மூலம் பார்த்தால், நொடிக்கு ஒரு மெகாபிட் வேகத்தில் மணிக்குச் சுமார் 450 மெகாபைட் செலவாகும். தரம் குறைந்த துணைப் படத்தைத் தேர்ந்தெடுத்தால் செலவு குறையும். மாடு படுப்பதும் எழுவதும் அதிலேயே தெரியும்.

கடவுச்சொல் முக்கியம்

தொழிற்சாலையில் இட்ட கடவுச்சொல்லை முதல் நாளே மாற்றிவிட வேண்டும். 2016ஆம் ஆண்டில் மிராய் என்னும் தீய மென்பொருள், இத்தகைய கடவுச்சொல் மாற்றப்படாத ஏராளமான கேமராக்களைக் கைப்பற்றியது. வெளியிலிருந்து பார்ப்பதற்காக ரௌட்டரில் 554ஆம் போர்ட்டைத் திறந்து வைப்பதும் கூடாது. திருடனைப் பார்க்க வைத்த கேமராவே அவனுக்கு வழி காட்டிவிடும்.

கேமரா காட்டும், எழுந்து போய்ப் பார்க்க ஆள் வேண்டும். ஆகவே மருத்துவரின் தொலைபேசி எண்ணைக் கைபேசியில் முன்கூட்டியே பதிந்து வைப்பது நலம்.