குல்பதன் பேகம்: எழுதுகோல் ஏந்திய இளவரசி

இங்கிலாந்தை டியூடர் மரபினர் 1485 முதல் 1603 வரை ஆண்டனர். அக்காலத்து உயர்குடிப் பெண்டிர் சிலர் கிரேக்கமும் இலத்தீனும் கற்று நூல் செய்தனர். தாமஸ் மோரின் மகளார் மார்கரெட் ரோப்பரும், ஜேன் லம்லியும் அவர்களுள் குறிப்பிடத்தக்கோர். அவ்விருவர் புகழும் மொழிபெயர்ப்பால் வந்தது. அதே நூற்றாண்டில் நம் நாட்டு அரசகுலப் பெண்மணி ஒருவர், தாம் கண்டதையும் கேட்டதையும் வரலாறாகவே எழுதினார். அவரே பாபரின் மகளார் குல்பதன் பேகம். 'மலர்மேனியாள்' என்பது அப்பெயரின் பொருள்.

இவர் 1523ஆம் ஆண்டளவில் காபூலில் பிறந்தார். ஈன்ற தாய் தில்தார் பேகம். வளர்த்தவர் ஹுமாயூனின் தாயாராகிய மாஹம் பேகம். ஆறாம் வயதில் ஆக்ரா வந்தார். அடுத்த ஆண்டே, 1530இல், தந்தையை இழந்தார். 1540இல் ஹுமாயூன் ஷேர்ஷாவிடம் தோற்று நாடிழந்தபின், காபூலில் பல்லாண்டுகள் வாழ்ந்தார். கணவர் கிஸ்ர் குவாஜா கான். உடன்பிறந்த ஹிந்தால் 1551இல் போரில் மாண்டார். அக்பர் அரியணை ஏறியபின் 1557இல் மீண்டும் இந்தியா வந்தார்.

அக்பர் தம் முன்னோர் வரலாற்றைத் தொகுக்க விரும்பியபோது, நினைவில் உள்ளதை எழுதித் தருமாறு அத்தையாரை வேண்டினார். அப்போது அவர் அறுபது வயதைக் கடந்தவர். அவ்வாறு பிறந்ததே 'ஹுமாயூன் நாமா'. அலங்காரமற்ற பாரசீக நடை. இடையிடையே துருக்கிச் சொற்கள். தந்தை மறைந்தபோது தாம் சிறுமி என்பதால் நினைவில் நின்றது சிறிதே என்று தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார். வரலாறு எழுதுவோர்க்கு வேண்டிய நேர்மை இதுவன்றோ!

அரசவை எழுத்தாளர் போர்களையும் பட்டங்களையும் எழுதினர். இவரோ அப்போர்களால் மகளிர் பட்ட பாட்டை எழுதினார். 1539இல் சௌசாப் போரில் காணாமற்போன பெண்டிரைப் பெயர் சொல்லிக் குறிக்கிறார். ஹுமாயூனின் சிறுமகள் அகீகாவும் அவர்களுள் ஒருத்தி. ஹமீதா பானு, மன்னரை மணக்க நாற்பது நாள் இசையாதிருந்ததை மறைக்கவில்லை. நாடிழந்து அலைந்த நாளில் பாத்திரமின்றித் தலைக்கவசத்தில் இறைச்சி வேகவைத்ததையும் விடவில்லை. இவர் எழுதாதிருந்தால் இவற்றுள் பல மண்ணோடு மறைந்திருக்கும்.

1575இல் அரண்மனை மகளிர் குழுவோடு ஹஜ்ஜுக்குப் புறப்பட்டார். சூரத்தில் நெடுநாள் காத்திருந்து கடல் கடந்தார். அரபு நாட்டில் மூன்றாண்டுகளுக்கு மேல் தங்கினார். திரும்புகையில் ஏடன் அருகே கப்பல் சேதமுற்றது. 1582இல்தான் ஃபதேபூர் சிக்ரியை அடைந்தார். 1603 பிப்ரவரியில் மறைந்தபோது, அக்பரே அவர்தம் சந்தூக்கைச் சிறிது தொலைவு சுமந்தார். அடுத்த மாதம் அங்கே எலிசபெத் அரசியார் இறக்க, டியூடர் ஆட்சியும் முடிவுற்றது.

அவர் நூலுக்கு இன்று அறியப்பட்ட பழம்பிரதி ஒன்றே. அது இலண்டனில் உள்ளது. அதுவும் 1553ஆம் ஆண்டு நிகழ்ச்சிகளோடு அறுந்து நிற்கிறது. ஆனெட் பெவரிட்ஜ் என்னும் அம்மையார் 1902இல் அதனை ஆங்கிலத்தில் வெளியிட்ட பின்னரே உலகம் பரவலாக அறிந்தது. ஒரு பெண் எழுதியதை மற்றொரு பெண் முந்நூறு ஆண்டு கழித்து மீட்டெடுத்தார் எனலாம்.

இதனை எழுதுங்கால் திருவரங்குளத்தில் வாழ்ந்த எம் பாட்டியாரின் நினைவு வருகிறது. ஓதக் கற்றிருந்தார், எழுதக் கற்பிக்கப்படவில்லை. பஞ்சக் கதைகளும், கடல் கடந்து சென்ற உறவினர் கதைகளும் அவர் நெஞ்சில் நிறைந்திருந்தன. எழுதத் தெரிந்த யாமும் அவற்றைக் குறித்துக்கொள்ளவில்லை. அவரோடு அவையும் மறைந்தன. இக்குறை எம்முடையதே.

முதன்முதல் இறங்கிய இறைவசனங்கள் ஓதுதலையும் எழுதுகோலையும் சேர்த்தே பேசுகின்றன. ஓதக் கற்பித்து, எழுதுகோலை மட்டும் பெண்மக்கள் கையிலிருந்து விலக்கிவைத்தது நம் வழக்கமேயன்றி மார்க்கமன்று. மருத்துவர் முத்துலட்சுமி, ஆண்களே பயின்ற புதுக்கோட்டை மன்னர் கல்லூரியில் முதல் மாணவியாய்ச் சேர்ந்த மண் இது. 1938இல் 'காதலா கடமையா' என்னும் புதினத்தை வெளியிட்ட நாகூர் சித்தி ஜுனைதா பேகம், பள்ளிக்குச் சென்றது மூன்றாம் வகுப்பு வரையே.

மாணவ மணிகளே! உங்கள் இல்லத்து மூதாட்டியரிடம் இன்றே சென்று அமருங்கள். அவர்கள் சொல்வதை எழுதிக்கொள்ளுங்கள். அக்பர் தம் அத்தையாரிடம் வேண்டியதும் அதுவே.