காந்தியடிகளைத் தேடிய தமிழர்

1937-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 2-ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து நோக்கிச் சென்ற கப்பலில் தமிழ் இளைஞர் ஒருவர் இருந்தார். அன்று காந்தியடிகள் பிறந்த நாள். அடிகளின் வாழ்வைத் திரைப்படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அப்போது அவர் உள்ளத்தே எழுந்தது. அவரே ஏ. கே. செட்டியார்.

காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் 1911-இல் பிறந்த இவர், பர்மாவில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராக விளங்கினார். பின்னர் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் ஒளிப்படக் கலை பயின்றார்.

அவர் எடுக்க விரும்பியது நடிகரைக் கொண்டு நடிப்பிக்கும் படம் அன்று. நிகழ்ந்தவற்றை நிகழ்ந்தவாறே காட்டும் செய்திப்படம். உப்புச் சத்தியாக்கிரகத்தை மீண்டும் நடத்திப் படம்பிடித்தல் இயலுமோ? ஆகவே, அன்றன்று பலர் எடுத்து வைத்திருந்த படச்சுருள்களைத் தேடிப் பெறுவதே வழியாயிற்று. அவை ஒரு நாட்டில் இல்லை, ஓரிடத்தில் இல்லை. அக்காலச் சுருள்களோ எளிதில் தீப்பற்றுவன; நாளடைவில் தாமே சிதைந்தும் போவன. காலம் தாழ்த்தினால் கிடைப்பதும் கிடையாது.

இந்தியாவிலும் ஐரோப்பாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் ஏறத்தாழ ஓரிலட்சம் மைல் பயணம் செய்து, 50,000 அடி நீளமுள்ள படங்களைத் திரட்டினார். கோகலே 1912-இல் தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுத்த காட்சியும் அவற்றுள் ஒன்று. படச்சுருள் நிமிடத்திற்கு 90 அடி வீதம் ஓடும். அவ்வளவையும் காட்டுவதாயின் ஒன்பது மணி நேரத்திற்கு மேலாகும். எனவே 12,000 அடியை மட்டும் தேர்ந்துகொண்டார். அரிதிற் கிடைத்ததை விலக்குவது, தேடுவதினும் அரிய செயல் போலும்!

இதற்கிடையே 1939-இல் உலகப் போர் மூண்டது. நாடோ ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்தது. அந்நிலையிலும் 1940 ஆகஸ்டு 23-இல் படம் தமிழில் வெளிவந்தது.

பின்னர் 1943-இல் ‘குமரி மலர்’ என்னும் இதழைத் தொடங்கி, 1983-இல் மறையும்வரை நடத்தினார். பயண நூல்கள் பல எழுதியவர் அவர். எனினும், தம்மைப் பற்றி மிகக் குறைவாகவே அவற்றில் கூறினார். படம் உருவான வரலாற்றை மட்டும் விரிவாக எழுதி வைத்தார். அது ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என நூலாயிற்று. 1953-இல் அமெரிக்காவில் உருவாக்கிய ஆங்கிலப் படத்தின் படி ஒன்று பிற்காலத்தில் அந்நாட்டிலேயே கண்டெடுக்கப்பட்டது. 1940-இல் வெளிவந்த தமிழ்ப் படமோ முழுமையாகக் கிடைக்கவில்லை.