மூன்று சகோதரிக் கப்பல்களும் ஒரு திறந்த மடையும்

1916 நவம்பர் 21, காலை 8.12. கிரேக்க நாட்டின் கியா தீவருகே போய்க்கொண்டிருந்த ‘பிரிட்டானிக்’ மருத்துவமனைக் கப்பலின் முன்பகுதியில் கடற்கண்ணி வெடித்தது. சற்று நேரத்தில் செவிலியர் வயலட் ஜெஸ்ஸப் உயிர்காப்புப் படகில் இறங்கினார். கப்பலின் பின்பகுதி மேலெழும்பி, இன்னமும் சுழன்றுகொண்டிருந்த உந்துவிசிறி படகைத் தன் பக்கம் இழுத்தது. அவர் கடலில் குதித்தார். கப்பலின் அடிப்பாகம் தலையில் மோதியது. ஆனாலும் பிழைத்தார்.

அவருக்கு இது மூன்றாவது கண்டம். 1911-ல் ‘ஒலிம்பிக்’ மோதலுக்கு உள்ளானபோதும், 1912-ல் ‘டைட்டானிக்’ மூழ்கியபோதும் அந்தந்தக் கப்பலில் பணிப்பெண்ணாக இருந்தவர் அவர். மூன்றும் ஒயிட் ஸ்டார் லைன் நிறுவனத்துக்காக பெல்ஃபாஸ்ட் நகரின் ஹார்லண்ட் அண்ட் வுல்ஃப் தளத்தில் ஒரே அடிப்படை வரைபடத்தில் உருவானவை. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 269 மீட்டர் நீளம். மூத்தவளான ஒலிம்பிக் மட்டும் 24 ஆண்டுகள் ஓடினாள். காரணத்தைத் தேடினால், தண்ணீர் எந்த வழியாக நுழைந்தது, எங்கே நின்றது என்பதில் வந்து முடிகிறது.

வரப்பு போதாத கப்பல்

முதல் இரு கப்பல்களின் உட்புறம், குறுக்குத் தடுப்புச் சுவர்களால் 16 நீர்புகா அறைகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. வரப்பு கட்டிப் பிரித்த வயலைப்போல, ஒரு பாத்தியில் நீர் நிறைந்தாலும் அடுத்தது தப்பிக்கும். முன்பக்க அறைகளில் நான்கு நிறைந்தாலும் கப்பல் மிதக்கும் என்பது கணக்கு.

1911 செப்டம்பர் 20 அன்று அந்தக் கணக்கு பலித்தது. இங்கிலாந்தின் சோலன்ட் நீரிணையில் ‘ஹாக்’ என்ற போர்க்கப்பல் ஒலிம்பிக்கின் பின்பகுதியில் இடித்தது. நெருக்கமாகச் செல்லும் இரு கப்பல்களுக்கு நடுவே நீர் வேகமாகப் பாயும். வேகம் கூடினால் அழுத்தம் குறையும். சிறிய கப்பல் பெரியதை நோக்கி இழுக்கப்படும். லாரி நம்மைக் கடக்கும்போது இருசக்கர வாகனம் அதன் பக்கம் சாய்வதைப் போன்றது இது. ஒலிம்பிக்கில் இரண்டு அறைகள் நிறைந்தன. ஆனாலும் துறைமுகம் திரும்பினாள்.

1912 ஏப்ரல் 14 இரவு 11.40-க்கு டைட்டானிக் பனிப்பாறையில் உரசியது. உண்டான திறப்புகள் எல்லாவற்றையும் சேர்த்தால் ஏறக்குறைய 12 சதுர அடிதான் என்று விசாரணையில் கணக்கிட்டுச் சொன்னார் கப்பல் தளத்தின் வடிவமைப்பாளர் எட்வர்டு வைல்டிங். ஒரு வாசல் கதவைவிடச் சிறியது! ஆனால் அது ஒரே ஓட்டையாக இல்லாமல், முன்பக்கத்தில் நான்குக்கும் மேற்பட்ட அறைகளைத் தொடும்படி நீளவாக்கில் பரவியிருந்தது. முன்பகுதி அமிழ அமிழ, உச்சிவரை எட்டாத தடுப்புச் சுவர்களின் மேலாக நீர் வழிந்து அடுத்தடுத்த அறைக்குள் புகுந்தது. சாய்ந்த வயலில் வரப்பு மீறிய நீரை யார் தடுப்பது? 2 மணி 40 நிமிடத்தில் கப்பல் போயிற்று. ஏறத்தாழ 1,500 பேர் இறந்தனர். 20 உயிர்காப்புப் படகுகளில் 1,178 பேருக்குத்தான் இடம் இருந்தது. கப்பலில் இருந்தவர்களோ சுமார் 2,200 பேர்.

உயர்த்திய வரப்பு

அந்தப் பாடத்தை ஒலிம்பிக்கின் உடலில் எழுதினார்கள். 1912 அக்டோபரில் தளத்துக்குத் திரும்பியவளுக்கு, பக்கவாட்டில் இரண்டாவது இரும்புச் சுவர் வந்தது. தடுப்புச் சுவர்கள் உயர்ந்தன, படகுகள் பெருகின. முதல் உலகப் போரில் துருப்புக் கப்பலாக ஓடி, 1918 மே 12 அன்று ‘யூ-103’ என்ற ஜெர்மன் நீர்மூழ்கியையே மோதி மூழ்கடித்தாள். 1935-ல் ஓய்வு பெற்று, உடைக்கப்பட்டாள்.

கட்டிக்கொண்டிருக்கும்போதே பிரிட்டானிக்குக்கும் இந்தத் திருத்தங்கள் கிடைத்தன. ஆறு அறைகள் நிறைந்தாலும் மிதக்கும்படி அவளை அமைத்தார்கள். காகிதத்தில் பார்த்தால், டைட்டானிக்கைவிட வலுவானவள். ஆனால் 55 நிமிடத்தில் மூழ்கினாள்!

வெடிப்பின் அதிர்ச்சியில் சில நீர்புகாக் கதவுகள் சரியாக மூடவில்லை. வெள்ளம் ஆறாவது அறையை எட்டியது. அப்போதும் கணக்குப்படி அவள் மிதந்திருக்க வேண்டும். ஆனால் நோயாளிகளின் கூடங்களுக்குக் காற்று வரட்டும் என்று, விதிக்கு மாறாக வட்டச் சன்னல்களைத் திறந்து வைத்திருந்தார்கள். கப்பல் சாயச் சாய அந்தச் சன்னல்கள் நீருக்கடியில் இறங்கின. வரப்பை உயர்த்திவிட்டு மடையைத் திறந்து வைத்த கதை. கியா தீவில் தரைதட்டவைக்கலாம் என்று கேப்டன் சார்லஸ் பார்ட்லெட் கப்பலை முன்னே செலுத்தியதும் நீர் நுழைவதை விரைவாக்கியது.

இறந்தவர்கள் 30 பேர். கட்டளை வருமுன்னே இறக்கப்பட்ட இரு படகுகள் உந்துவிசிறியில் சிக்கியதில்தான் அவர்களில் பலர் மாண்டனர். ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் பிழைத்தனர்: படகுகள் போதுமான அளவு இருந்தன, கடல் நீர் வெதுவெதுப்பாக இருந்தது, பகல் வெளிச்சம் இருந்தது. காயம்பட்ட வீரர்களை ஏற்றப் போகும் வழியில் இருந்ததால், படுக்கைகள் காலியாக இருந்தன.

1975-ல் ஜாக் கூஸ்தோ அவளை ஏறத்தாழ 120 மீட்டர் ஆழத்தில் கண்டுபிடித்தார். பின்னர் இறங்கியவர்கள் அந்தச் சன்னல்களில் பலவும் திறந்தே கிடப்பதைப் பார்த்தார்கள். அவற்றைத் திறந்த கைகளைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை; வந்து படுக்கப்போகிறவருக்குக் கொஞ்சம் காற்று வேண்டும் என்று நினைத்த கைகள் அவை. அப்படி ஒரு கை சன்னலைத் திறக்கும் என்பதையும் சேர்த்துக் கணக்கிடும்போதுதான் கப்பலின் பாதுகாப்பு முழுமையாகிறது.