கொடுமணம்

நகரங்களுள் வாள் வலியால் எழுந்தனவும் உண்டு. தொழில் வலியால் எழுந்தனவும் உண்டு. பண்டை உரோமர் தாம் வென்ற நாடுகளில் தம் படைவீரரைக் குடியேற்றி நகரங்களை அமைத்தனர். செருமானிய நாட்டின் கொலோன் கி.பி. 50-இல் அத்தகைய குடியேற்ற நகராயிற்று. குடியேற்றத்தைக் குறிக்கும் இலத்தீன் சொல்லே அதன் பெயராய் இன்றும் நிலவுகின்றது. உரோமரின் காசுகள் கொங்கு நாட்டிற்கும் வந்தன. ஆயின், அவர்தம் படை வரவில்லை. அக்காசுகளை ஈர்த்தவை கொங்கர்தம் கைத்தொழில்களே.

வெள்ளியங்கிரி மலையில் தோன்றும் நொய்யலாறு கிழக்கு நோக்கி ஓடிக் காவிரியோடு கலக்கின்றது. மேலைக் கடற்கரையிலிருந்து பாலக்காட்டுக் கணவாயைக் கடந்து கரூருக்குச் செல்லும் பண்டை வணிகப் பெருவழி இவ்வாற்றை ஒட்டியே சென்றது. அவ்வழியில், கோவையை அடுத்த வெள்ளலூரில், 1842-ஆம் ஆண்டு ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட உரோம வெள்ளிக்காசுகள் புதையலாகக் கிடைத்தன. அகசுத்தசு, தைபீரியசு என்னும் பேரரசர்களின் காசுகளே அவற்றுள் மிகுதி.

அப்பெருவழியிலேயே, ஈரோடு மாவட்டத்தில், நொய்யலின் வடகரையில் கொடுமணல் என்னும் சிற்றூர் உள்ளது. பதிற்றுப்பத்தில் கபிலரும் அரிசில்கிழாரும் கொடுமணம் என்னும் ஊரின் அருங்கலன்களைச் சிறப்பித்துள்ளனர். அவ்வூர் இதுவே என்பது அறிஞர் துணிபு. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் 1985-ஆம் ஆண்டு முதல் இங்கு அகழாய்வு நடத்தினர். இரும்பு உருக்கிய உலைகளும், அவற்றின் கசடும் வெளிப்பட்டன. பெரில் என்னும் நீலப்பச்சைக் கல், பளிங்கு, சூதுபவளம் முதலியவற்றால் செய்த மணிகளும் கிடைத்தன. உடைத்த கல், தீட்டிய கல், துளையிட்ட மணி எனப் பல நிலைகளிலும் அவை காணப்பட்டமையால், மணித்தொழில் இவ்வூரிலேயே நடந்தமை தெளிவாயிற்று. காங்கேயத்தை அடுத்த படியூர்ப் பகுதி பெரிற் கல்லுக்குப் பெயர் பெற்றது.

இந்தியா ஆண்டுதோறும் ஐந்து கோடி செசுடர்சு பணத்தை உரோமப் பேரரசிலிருந்து ஈர்க்கின்றது என்று, கி.பி. முதல் நூற்றாண்டில் வாழ்ந்த பிளினி வருந்தி எழுதினார். பெரிற் கற்கள் இந்தியாவிலிருந்து வருவதையும் அவர் குறித்துள்ளார்.

அகழாய்வில் கிடைத்த பொருள்களுள் மணியினும் அரியவை பானை ஓடுகள். அவற்றிற் பல தமிழ் எழுத்துப் பொறிக்கப்பெற்றவை. 'கண்ணன் ஆதன்' என்பது போன்ற ஆட்பெயர்கள் அவற்றில் உள்ளன. எழுத்தறிவு அரண்மனையோடும் புலவரோடும் நின்றுவிடாது, தொழில் செழித்த ஊரினும் பரவியிருந்தமைக்கு இவ்வோடுகள் சான்றாகும்.

அந்நகரம் மறைந்து, அது நின்ற இடம் விளைநிலமாயிற்று. புலவர் பாட்டு ஊரின் பெயரைக் காத்தது; மண் அதன் சான்றுகளைக் காத்தது. ஏர் முனையில் அகப்படும் ஓர் ஓட்டிலும் ஒரு முன்னோன் பெயர் இருத்தல் கூடும். அதனைப் பயனற்றதென எறியாது, தொல்லியல் துறையினர்க்குத் தெரிவித்தல் இக்காலத்தார் கடனாகும். உடைந்தழிந்த எழுத்தை மீண்டும் பெறுதல் எவர்க்கும் இயலாது.