டூப்ளே சிலை, கடற்கரைச் சாலை

ழோசப் பிரான்சுவா டூப்ளே (1697–1763) இறந்து நூறாண்டுக்குப் பின், 1870இல் நிறுவப்பட்ட சிலை இது.

1742 முதல் 1754 வரை அவர் புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர். வணிகக் கம்பெனியின் அதிகாரியாக வந்தவர், சுதேச அரசர்களின் வாரிசுச் சண்டைகளில் புகுந்து காரியம் சாதித்தார். 1749இல் ஆற்காட்டு நவாப் பதவிக்குச் சந்தா சாகிப்பையும், ஐதராபாத் நிஜாம் பதவிக்கு முசாபர் ஜங்கையும் ஆதரித்தார்; பதிலுக்கு நிலமும் பட்டமும் பெற்றார்.

அந்த நாட்களின் பேரங்களை இன்றும் நாம் அறிய உதவுவது அவருடைய துபாஷ் (மொழிபெயர்ப்பாளர்) ஆனந்தரங்கப் பிள்ளையின் தமிழ் நாட்குறிப்பு. ஆளுநரின் மனைவி ழான் புதுச்சேரியில் பிறந்தவர், தமிழ் அறிந்தவர். பிள்ளைக்கும் அவருக்கும் ஆகவே ஆகாது.

போர்ச் செலவு பெருகியதால் 1754இல் டூப்ளே திரும்ப அழைக்கப்பட்டார். தாம் செலவழித்த சொந்தப் பணத்தைக் கேட்டுக் கம்பெனியோடு வழக்காடியவர், பாரிஸில் கடனாளியாக இறந்தார்.